பாதிக் கதை கேட்டு வந்தவன்

தம்பி செத்துப்போன செய்தியைத் தோட்டத்து ஆபீசில் கணக்கு எழுதுகிற பெரிய கிராணிதான் கொண்டுவந்தார். வாசலில் சைக்கிளை நிறுத்தினார். அது சாயாமல் நிற்கிறதா என்று திரும்பித் திரும்பிப் பார்த்தார். அப்புறம்தான் வாயைத் திறந்தார். நியூகினியில் காய்ச்சலாம். அங்கேயே புதைத்துவிட்டார்களாம். ஆபீசுக்குத் தந்தி வந்திருக்கிறதாம்.

நான் அரிசி களைந்துகொண்டிருந்தேன். களைந்து முடித்து உலையில் போட்டேன். அதைப் பார்த்துவிட்டுப் பக்கத்து லயத்து வீடுகளில் இருந்த பெண்கள் என்னைக் கல்நெஞ்சுக்காரி என்று பேசினார்கள். பேசட்டும். எனக்கு ஒன்றும் தோன்றவில்லை, அவ்வளவுதான். பல் பிடுங்க ஊசி போட்டால் கன்னம் மரத்துப்போகுமே, அப்படி இருந்தது. அந்த மரப்பு இறங்கவே இல்லை.

எண்பதுகளின் தொடக்கம் அது. எங்கள் தோட்டம் மலேசியாவில், தெலுக் இந்தானிலிருந்து பாகான் டத்தோ போகிற சாலையில் இருந்தது. நாங்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது ரப்பர்ப் பால்மரம். அப்புறம் அதை அழித்து எண்ணெய்க்குச் செம்பனை போட்டார்கள். தம்பி செம்பனையில் குலை வெட்டுகிறவர்களை மேய்க்கிற மண்டோராக இருந்தான். நியூகினித் தீவில் காட்டை அழித்துப் புதிதாகச் செம்பனை போடுகிறார்கள், வேலை தெரிந்த ஆட்கள் வேண்டும் என்று யாரோ வந்து கேட்டார்கள். இவனுக்குச் சொல்லவா வேண்டும்? சும்மாவே கால் தரையில் நிற்காது. போகிற அன்று ஒரு பெட்டியும், அம்மா இடித்துக் கொடுத்த மிளகாய்த் தூளும் கொண்டுபோனான். நான் பட்டணத்தில் துணிக்கடையில் வேலை பார்த்தேன். அன்று லீவு கேட்கவில்லை. திரும்பி வருகிறவன்தானே என்று இருந்துவிட்டேன்.

உடம்பு இல்லாத சாவுக்கு என்ன செய்வது என்று அப்பா ஆளாளுக்குக் கேட்டார். கடைசியில் ஆற்றங்கரையில் தர்ப்பைப் புல்லில் ஓர் உருவம் செய்து, அதற்குக் கொள்ளி வைத்துக் காரியத்தை முடித்தார். அம்மா வரவில்லை. "யாரு பார்த்தா? நீ பார்த்தியா? கிராணி பார்த்தாரா?" என்று கேட்டுவிட்டு அடுப்பங்கரைக்குப் போய்விட்டாள். அழவும் இல்லை. தினமும் மத்தியானம், தம்பியின் பெயர் வெட்டிய எவர்சில்வர் தட்டில் சோறு போட்டு இன்னொரு தட்டால் மூடி வைப்பாள். சாயந்திரம் அதைக் கோழிக்குப் போடுவாள். கோழிகள் நன்றாகக் கொழுத்தன. அப்பா திட்டுவார், கெஞ்சுவார், கோயிலுக்குப் போய் உட்கார்ந்துகொள்வார். ஒரு வீட்டில் ஒரு ஆள் செத்துவிட்டான் என்பதை அம்மா ஒத்துக்கொள்ளாமல் மற்றவர்கள் எப்படி ஒத்துக்கொள்வது? நாங்கள் மூன்று பேரும் அந்தத் தட்டைச் சுற்றிக்கொண்டே பல மாதம் நடந்தோம்.

அப்படி இருக்கையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அந்த ஆள் வந்தான். எங்களைப் போலக் கறுப்பு, சுருட்டை முடி. எதிர்வீட்டு அக்கா அவனை வேறு தோட்டத்துத் தமிழன் என்று நினைத்து, "யாரு வூட்டுக்கு வந்தீங்க அண்ணே?" என்று கேட்டிருக்கிறாள். அவன் சிரித்துவிட்டு மலாயில் எங்கள் வீட்டைக் கேட்டிருக்கிறான். அக்கா பயந்துபோய் அவனை நேரே எங்கள் வீட்டுக்கு அழைத்துவந்தாள். தோளில் நூலால் பின்னிய பை ஒன்று தொங்கியது.

நியூகினிக்காரன். தம்பியோடு வேலை செய்தவன். செம்பனை வேலை பழக ஈப்போ பக்கத்துத் தோட்டம் ஒன்றுக்கு அவனையும் இன்னும் சிலரையும் அனுப்பியிருந்தார்கள். வந்த நாளிலிருந்து விசாரித்து விசாரித்து, பஸ் மாறி மாறி எங்களைக் கண்டுபிடித்திருக்கிறான்.

துக்கம் கேட்க வருகிறவரை வாங்க என்று அழைக்கக் கூடாது. போகும்போது போய்வா என்றும் சொல்லக் கூடாது. இது எங்களில் சின்னக் குழந்தைக்கும் தெரியும். அம்மா வாசலுக்கு வந்து, "வாப்பா, உள்ள வா" என்றாள். அப்பாவின் முகம் சுருங்கிப்போனது.

அவனுக்கு வந்து சில மாதத்தில் மலாய் கொஞ்சம் பிடிபட்டிருந்தது. அம்மாவின் சந்தை மலாய்க்கு அதுவே ஜாஸ்தி. எங்கே இடறினாலும் அவன் ஆங்கிலத்துக்குத் தாவுவான், நான் எடுத்துச் சொல்வேன். அவர்கள் பேசியதை நம் பேச்சிலேயே எழுதுகிறேன்.

அம்மா வெற்றிலைத் தட்டை நீட்டினாள். அவன் பாக்கை மட்டும் எடுத்துக்கொண்டு, பையிலிருந்து தன் சுண்ணாம்பை எடுத்தான். இரண்டு பேரும் மென்றார்கள். அப்புறம் அவன் கதையைத் தொடங்கினான்.

சாவிலிருந்து தொடங்குவான் என்று நினைத்தோம். அவன் தொடங்கியது தம்பி கப்பலை விட்டு இறங்கிய நாளிலிருந்து. என்ன சட்டை போட்டிருந்தான், முதல் மழையில் எந்த மரத்தடியில் ஒதுங்கினான், எந்த ஓடையில் குளித்தான், அந்த ஓடை யாருடைய ஓடை, அதற்கு அப்பால் யாருடைய கிழங்குத் தோட்டம். தம்பியின் பெயரை மட்டும் அவன் சொல்லவில்லை. செத்தவர் பெயரை அவன் ஊரில் வாயில் எடுக்க மாட்டார்களாம். 'நம்ம ஆளு' என்றே சொன்னான். அதனால்தானோ என்னவோ நானும் இங்கே பெயர் எழுதவில்லை.

அப்பாவுக்குப் பொறுக்கவில்லை. "எப்படிச் செத்தான்னு சொல்லச் சொல்லு லா. ஓடையும் மரமும் யாருக்கு வேணும்?" என்று என்னிடம் கத்தினார். நான் எடுத்துச் சொன்னேன். அவன் தலையாட்டிவிட்டு, விட்ட ஓடையிலிருந்தே தொடர்ந்தான். அம்மா சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டாள்.

காய்ச்சல் வந்தது. விடவில்லை. அவனும் இன்னும் சிலரும் தம்பியைக் கட்டிலோடு தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு நடந்தார்கள். வழியில் ஆறு பெருகிவிட்டது. தண்ணீர் வடியட்டும் என்று இந்தக் கரையில் காத்திருந்தார்கள். வடியவில்லை.

"காச்சல்காரனுக்கு என்னா குடுத்தீங்க?" என்று கேட்டாள் அம்மா. அவ்வளவு நேரத்தில் அவள் கேட்ட முதல் கேள்வி.

"எங்கம்மா கிளாடி, அதான் சேப்பங்கெழங்கு அவிச்சிக் குடுத்தாங்க. எளநீர் குடுத்தோம்."

"காச்சல்ல கெடக்குறவனுக்குக் கெழங்கா? கஞ்சி வக்கத் தெரியாதா உங்கம்மாவுக்கு?" அம்மா சத்தம் போட்டாள். அவன் தலையைக் குனிந்துகொண்டான். நான் அம்மாவையே பார்த்தேன். நம்பாத சாவுக்கு யாரும் இப்படிக் கோபப்பட மாட்டார்கள்.

அந்தக் கரை அவன் அம்மா வழி நிலம் என்றான். எங்கள் மண்ணில் உயிர்விட்டவன் எங்கள் ஆள் என்று அவர்கள் தங்கள் ஆட்களுக்குப் பக்கத்திலேயே புதைத்திருக்கிறார்கள். தலைமாட்டில் சிவப்பு இலைச் செடி ஒன்று நட்டிருக்கிறார்கள்.

அத்தோடு கதை முடிந்தது என்று நினைத்து நான் காப்பி போட எழுந்தேன். அவன் கையைக் காட்டி உட்காரச் சொன்னான்.

"நான் சொல்ல மட்டும் வரல. கேக்கவும் வந்தேன். எங்க ஊருல பொதைச்சதோட துக்கம் முடியாது. கொஞ்ச காலம் போனதும் பன்னி அடிச்சிப் பெரிய விருந்து வப்போம். அன்னைக்கிச் செத்தவனோட கதைய மொதல்லேர்ந்து கடைசி வரைக்கும் சொல்லணும். அப்பறந்தான் எல்லாரும் எந்திரிச்சி அவங்கவங்க வேலைக்குப் போவலாம். நம்ம ஆளு கதையில எங்ககிட்ட பாதிதான் இருக்கு. மொத பாதி உங்ககிட்ட இருக்கு. அதக் குடுங்க."

அப்பா தொண்டையைச் செருமினார். நல்ல பிள்ளை, யார் வம்புக்கும் போக மாட்டான், கோயில் திருவிழாவுக்குப் பந்தல் போடுவான் என்று கூட்டத்தில் பேசுகிற மாதிரி பேசினார். அவன் மரியாதையாகக் கேட்டுக்கொண்டான். அப்புறம், "அது இல்ல. எந்த வழியா நடந்தான்? எந்த மரத்துக்கிட்ட உக்காந்தான்?" என்று கேட்டான்.

எனக்கு எத்தனையோ தெரியும். ஒன்றும் நாக்குக்கு வரவில்லை.

அம்மா எச்சிலைத் துப்பிவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

"அப்ப பால்மரம். நான் இருட்டுல எந்திரிச்சி பால் வெட்டுக்குப் போயிருவேன். இவன, புள்ளைங்களப் பாத்துக்குற ஆயாக் கொட்டாயில விட்டுருவேன். ஆயா கொஞ்சம் அசந்தா இவன் என்னத் தேடி ஓடி வந்துருவான். மரம் எல்லாம் ஒரே மாதிரி, புள்ளைக்கி எப்படித் தெரியும்? அதனால என் நெரையில, நான் வெட்டுற மர வரிசையில, மொத மரத்துல என் செவப்புக் கைலித் துணியக் கிழிச்சிக் கட்டி வச்சிருந்தேன். துணியப் பாத்தா அம்மா நெரைன்னு வந்துருவான்.

"ஒருநாளு மண்டோரு என்ன வேற நெரைக்கி மாத்திட்டாரு. அவசரத்துல துணிய அவுத்துக் கொண்டுபோவ மறந்துட்டேன். பாலெல்லாம் எடுத்து நிறுத்துக் குடுத்துட்டுக் கொட்டாய்க்கிப் போனா புள்ளையக் காணோம். காடு பூராத் தேடுனோம். பழைய நெரையில, அந்த மொத மரத்தடியில உக்காந்திருக்கான். தலையெல்லாம் பால் ஒட்டி, காலெல்லாம் எறும்பு கடிச்சி. ஏண்டா ஒரு சத்தம் குடுக்கலன்னு கேட்டேன். துணி இங்கதானே இருக்கு, நீ வருவேன்னு இருந்தேன் அப்படிங்கிறான்."

இதை அவள் எங்களிடம் ஒருநாளும் சொன்னதில்லை.

அவன் அந்தக் கதையைத் திரும்பச் சொல்லிக் காட்டினான். தப்பாகச் சொல்லக் கூடாதாம். நீலத் துணி என்று சொன்னான். "செவப்பு" என்று அம்மா திருத்தினாள். மறுபடி சொன்னான். சரியாக வந்ததும், "இத நான் அங்க சொல்லலாமா? சொந்தக்காரங்க சரின்னாத்தான் சொல்ல முடியும்" என்று அம்மாவிடம் கேட்டான். அம்மா தலையசைத்தாள்.

பிறகு அவள் உள்ளே போனாள். பெட்டியைத் திறக்கும் சத்தமும் துணி கிழிபடும் சத்தமும் கேட்டன. சிவப்புக் கைலியின் ஓரம் ஒன்றைக் கொண்டுவந்து அவன் கையில் வைத்தாள்.

"அவன் இருக்குற எடத்துல ஒரு மரத்துல கட்டிடு. இல்லாட்டி, அம்மா இந்த வாட்டியும் மறந்துட்டான்னு அங்கயே உக்காந்திருப்பான்."

அந்த ஆள் வாய்விட்டு அழுதான். ஒரு வெளியூர் ஆம்பிளை எங்கள் வீட்டில் உட்கார்ந்து அழுவதைப் பார்க்க வாசலில் கூட்டம் கூடிவிட்டது. எனக்கு அவன்மேல் பொறாமையாக இருந்தது. காப்பி போடுகிறேன் என்று அடுப்பங்கரைக்குப் போய் வெறும் தண்ணீரைக் கொதிக்கவைத்துக்கொண்டு நின்றேன்.

அவன் கிளம்பியபோது அம்மா வாசல்வரை வந்தாள். போய்வா என்று சொல்லவில்லை. அப்பா என்னைத் திரும்பிப் பார்த்தார்.

சரி, தட்டு விவகாரம் இதோடு ஒழிந்தது என்று நினைத்தோம். மறுநாள் மத்தியானம் பார்த்தால் தட்டில் சோறு, மேலே மூடி. அப்பா தலையில் அடித்துக்கொண்டு கோயிலுக்குப் போனார். அம்மா என்னிடம் கேட்டதெல்லாம், அந்தப் பிள்ளை எப்போது ஊர் திரும்பும் என்பதுதான். தீபாவளி கழித்து என்று அவன் சொல்லியிருந்தான். தீபாவளிக்கு நாங்கள் பலகாரம் சுடவில்லை. அது முடிந்தபின் சோறு போட்டு மூடும்போதெல்லாம், "இப்ப ஏரோப்ளேன்ல இருப்பான்", "இப்பக் கப்பல்ல இருப்பான்" என்று தனக்குள் பேசிக்கொள்வாள். மழை பெய்தால், "அந்த ஆறு வேற ரொம்பிக் கெடக்கும்" என்பாள்.

ஒருநாள் சோறு போட்டாள். மூடவில்லை. தட்டைப் பார்த்துக்கொண்டே நின்றாள்.

"இந்நேரம் கட்டியிருப்பான்" என்றாள்.

தட்டை எடுத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தாள். மீன் குழம்பை ஊற்றிப் பிசைந்து தானே சாப்பிட ஆரம்பித்தாள். பாதியில் கை நின்றது. அப்புறம் அவள் போட்ட சத்தத்தில் அப்பா கோழிக்கூண்டைத் திறந்துபோட்டுவிட்டு ஓடிவந்தார். எதிர்வீட்டு அக்கா வந்து அம்மாவைக் கட்டிப்பிடித்துக்கொண்டாள். அம்மா மாரில் அடித்துக்கொண்டு தம்பியின் பெயரைச் சொல்லிச் சொல்லி அழுதாள்.

எனக்கு அப்போதும் அழுகை வரவில்லை. தட்டில் பாதிச் சோறு மிச்சம் இருந்தது. ஈ மொய்க்காமல் அதை மூடி வைத்தேன்.