அரை லிட்டர் குறைந்த வீடு

பால்காரருக்கு வீட்டு எண் மறந்துபோகும், அளவு மறக்காது. ஒன்றரை லிட்டர் மாடிவீடு, கால் லிட்டர் வாத்தியார் என்றுதான் தெருவையே தெரிந்துவைத்திருந்தார். சைக்கிளில் கேன் கட்டிப் போன காலத்தில், அளவு கூடினால் விருந்தாளி, குறைந்தால் வீட்டில் ஆள் குறைவு. கேட்கக்கூட வேண்டாம், பாத்திரத்தோடு வருகிற அம்மாவே மூச்சுவிடாமல் சொல்லிவிடுவாள்.

இப்போது வாய்க்குப் பூட்டு. கம்பெனிச் சட்டை, செல்போனில் பட்டியல். வாசலில் தொங்கும் பையில் பாக்கெட்டைப் போட்டு ஒரு போட்டோ எடுக்க வேண்டும், மணி அடிக்கக் கூடாது. மனிதர் இரண்டு மாட்டையும் விற்றுவிட்டு இதற்கு வந்தது மகள் கல்யாணத்துக்காக. "சம்பந்தி கேனோட வாசல் வாசலா நின்னா எங்களுக்கு ஒரு மாதிரியா இருக்கு" என்றார்கள் மாப்பிள்ளை வீட்டார். பெண்ணைப் பெற்றவர், தலையாட்டாமல் என்ன செய்வார்?

அந்த மகள் வீடும் அவர் லைனில்தான். நாள் தவறாமல் ஒரு லிட்டர். போன திங்கட்கிழமை பட்டியலில் அரை லிட்டர் என்று வந்தது. செவ்வாயும் அரை. மாப்பிள்ளை கோபித்துக்கொண்டு போய்விட்டாரா? போனில் கேட்டதற்கு, "நல்லாத்தான்பா இருக்கோம்" என்று மகள் சட்டென்று வைத்துவிட்டாள். நன்றாக இருப்பவளுக்கு என்ன அவசரம்? மூன்று நாள் சாப்பாடு இறங்கவில்லை.

வெள்ளிக்கிழமை விடிகாலையில் மணியை அடித்தே விட்டார். கதவைத் திறந்தது மாப்பிள்ளை.

"வாங்க மாமா" என்றார் கொட்டாவியோடு. பின்னாலேயே மகள், இடுப்பில் குழந்தை. ஆள் எண்ணிக்கை சரியாக இருந்தது.

"என்னப்பா, இந்நேரத்துல?"

"அரை லிட்டர் குறைஞ்சுதேம்மா. அதான்..."

"பாக்கெட் பால் பாப்பாவுக்குச் சேரலப்பா. ஒருத்தர் கறந்த பாலை கேன்ல கொண்டாந்து ஊத்துறாரு. மொத்தமா நிறுத்துனா நீங்க மனசு கஷ்டப்படுவீங்கன்னு..."

"அதனால என்னம்மா" என்றார். அப்பாடா என்றுதான் முதலில் இருந்தது. பிறகுதான் கோபம் வந்தது, அதை யாரிடம் காட்டுவது என்று தெரியவில்லை.

அதற்குள் கேன்காரரே வந்துவிட்டார். பால்காரர் ஒதுங்கி வழிவிட்டார். இனி மறைக்க ஒன்றுமில்லை என்று நினைத்தாரோ என்னவோ, மாப்பிள்ளை பாத்திரத்தை நீட்டிக்கொண்டே, "நாளையிலேர்ந்து ஒரு லிட்டராவே ஊத்திடுங்கண்ணே" என்றார்.