சிவப்புச் செட்டைப் பூச்சிகள்

பிராங்பேர்ட்டுக்கு வெளியே, எஸ்-பான் தண்டவாளத்தை ஒட்டி எங்களுக்கு ஒரு கிளைன்கார்ட்டன் இருக்கிறது. அடுக்குமாடிகளில் இருக்கிறவர்களுக்குச் சங்கம் வாடகைக்குக் கொடுக்கும் சின்னத் தோட்டத் துண்டு. அதில் கத்தரி, மிளகாய், பாகல் எல்லாம் போட்டுப் பார்த்தேன். உருப்படியாக வந்தது முந்திரிகைக் கொடி ஒன்றுதான். திராட்சை என்று எழுதினால் எனக்கு அது கடைப் பழம் போலத் தெரிகிறது. ஏழு வருடம் பந்தல் போட்டு வளர்த்த கொடி. அதில் ஒரு இலை சுருண்டாலும் எனக்குச் சோறு இறங்காது.

நியூஜேர்சியில் இருக்கும் என் அக்காவும் முந்திரிகை வைத்திருந்தாள். அது பூச்சி விழுந்து பட்டுப்போனது. ஆசியாவிலிருந்து அங்கே வந்து சேர்ந்த பூச்சியாம். மேல் செட்டை சாம்பல் நிறம், அதில் கறுப்புப் புள்ளிகள். செட்டையை விரித்தால் உள்ளே நல்ல சிவப்பு. கூட்டமாகக் கொடியில் ஒட்டிக்கொண்டு சாற்றை உறிஞ்சும். கீழே பிசுபிசுவென்று ஒழுகி, இலையில் கறுப்புப் பூஞ்சணம் பிடிக்கும். முட்டை மரப்பட்டையில் காய்ந்த சேறு அப்பினதுபோல இருக்கும். அதைப் பழைய அட்டை ஒன்றால் சுரண்டி ஸ்பிரிட்டில் போட வேண்டும். இவ்வளவையும் அக்கா குடும்ப வாட்ஸ்அப்பில் காணொளியாகவும் குரல்பதிவாகவும் போட்டுத் தள்ளினாள்.

"கண்டவுடன மிதி," என்றாள் எனக்கு. "யோசிச்சுக்கொண்டு நிக்காத. நான் யோசிச்சுத்தான் என்ர கொடி போனது."

எனக்கு யாரும் யோசிக்காதே என்று சொல்லத் தேவையில்லை. அது என் கூடப்பிறந்தது.

அந்த வருடக் கோடையில் பக்கத்துத் தோட்டக்காரிக்கு இடுப்பு எலும்பு ஒப்பரேஷன். கணவரை இழந்து தனியாக இருந்த ஜெர்மன் அம்மா. ஒப்பரேஷனுக்குப் பிறகு சில வாரம் ரேஹா என்ற மறுவாழ்வு நிலையத்தில் தங்க வேண்டியிருந்ததால், படலைப் பூட்டின் திறப்பை என்னிடம் தந்தார். தண்ணீர் மட்டும் விட்டால் போதும் என்றார். எங்கள் ஆட்களிடம் திறப்பைக் கொடுத்தால் நாங்கள் தண்ணீரோடு நிற்பவர்களா? புல்லை வெட்டினேன், பாதையைக் கூட்டினேன், கொட்டிலைக் கழுவினேன்.

ஆகஸ்ட்டில் ஒருநாள் மத்தியானம், எங்கள் இரண்டு தோட்டத்துக்கும் நடுவிலிருந்த அவருடைய வேலியோரம் ஒரு சிவப்புப் பளிச்சிட்டுப் பறந்தது. அங்கே ஆளுயரத்தில் ஒரு செடிப் பற்றை, மங்கிய ரோஸ் நிறத்தில் பூத்திருந்தது. எனக்கு அது களை. அதில் ஏழெட்டுப் பூச்சிகள் இருந்தன. செடியை உலுக்கினேன், விழுந்ததை மிதித்தேன். மிதித்ததைப் படம் எடுத்து அக்காவுக்கு அனுப்பினேன். அதில் சிவப்பு மட்டும்தான் மிச்சம் இருந்தது.

"ஓம், உதுதான்! ஒண்டையும் விடாத," என்று உடனே பதில் வந்தது.

நான்கைந்து நாட்கள் வேலை முடிந்து வந்து அதையேதான் செய்தேன். பிறகு, பூச்சி வருவதே இந்தப் பற்றைக்குத்தானே என்று மண்வெட்டியை எடுத்தேன். என் கணவர் பந்தலுக்குக் கீழே நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

"அவ தண்ணி விடத்தானே சொன்னவ. அவவின்ர செடியில ஏன் கை வைக்கிறீர்?"

"வந்து பாத்தா சந்தோசப்படுவா. நீங்கள் சும்மா இருங்கோ."

வேரோடு கிண்டி எடுத்துக் குப்பைக்கு அனுப்பினேன். கடைசிப் பூச்சி ஒன்றை உயிரோடு ஜாம் போத்தலில் பிடித்து, படம் எடுத்துப் பயிர்ப் பாதுகாப்பு அலுவலகத்துக்கு அனுப்பிவைத்தேன். இந்த நாட்டில் முதலில் கண்டுபிடித்தவள் நான்தான் என்று அவர்கள் எழுதுவார்கள் என ஒரு நப்பாசை. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன்.

இரண்டு நாளில் பதில் வந்தது. மரியாதையான கடிதம். படத்தில் இருப்பது இந்த மண்ணுக்கே உரிய வண்ணத்துப்பூச்சி, பாதுகாக்கப்படுகிற இனம். அதன் முன்செட்டையில் கறுப்பின் மேல் வெண்மஞ்சள் கோடுகள் ஓடும், புள்ளிகள் இருக்காது. அது தேன்தான் குடிக்கும், கொடிக்கு ஒரு தீங்கும் செய்யாது. நீங்கள் தேடும் பூச்சி இங்கே இன்னும் கண்டறியப்படவில்லை, சந்தேகம் வந்தால் கொல்வதற்கு முன் படம் அனுப்புங்கள் என்று எழுதியிருந்தார்கள். ஓடிப்போய்ப் போத்தலைப் பார்த்தேன். அது செத்திருந்தது. கோடுகள் தெளிவாகத் தெரிந்தன. இத்தனை நாள் என் கண் எங்கே போயிருந்தது?

செப்டம்பரில் அந்த அம்மா ஊன்றுகோலோடு வந்தார். நேரே வேலியோரம் போய் நின்றார். செடி எங்கே என்று கேட்டார்.

"இந்த வெயிலுக்குக் காய்ந்துவிட்டது," என்றேன்.

அந்தப் பொய் எப்படி அவ்வளவு சுளுவாக வந்தது என்று இன்றைக்கும் தெரியவில்லை. அவர் தலையாட்டினார். பிறகு, தன் கணவர் அந்த வண்ணத்துப்பூச்சிகளுக்காகவே அந்தச் செடியை வைத்தவர் என்றும், அவர் போன பிறகும் ஒவ்வொரு ஆகஸ்ட்டும் அவை தவறாமல் வந்தன என்றும் சொன்னார்.

புதுக் கன்று வாங்கி நட்டார். அடுத்த கோடையில் அது நான்கு பூப் பூத்தது. அவர் மத்தியானங்களில் அதற்கு எதிரே கதிரை போட்டு உட்கார்ந்திருந்தார். ஒன்றும் வரவில்லை. அதற்கடுத்த கோடையில் செடி நன்றாகவே பூத்தது, அப்போதும் வரவில்லை. நான் பட்டிஸ் சுட்டுக் கொண்டுபோவேன். சொல்லவேண்டியதை ஜெர்மன் மொழியில் வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்டு போவேன். தட்டைக் கொடுத்துவிட்டு, காலநிலையைப் பற்றிப் பேசிவிட்டுத் திரும்பி வருவேன். என் கணவர் ஒன்றும் கேட்கமாட்டார். கேட்டிருந்தால் எரிந்து விழுந்திருப்பேன்.

போன இலையுதிர்காலத்தில் அவர் தோட்டத்தைச் சங்கத்திடம் திருப்பிக் கொடுத்தார். காலால் ஏலாமல் போய்விட்டதா என்று கேட்டேன்.

"கால் பரவாயில்லை," என்றார். "அவை வருவதில்லையே. நான் மட்டும் எதற்கு வர?"

அப்போதாவது சொல்லியிருக்கலாம். வாயைத் திறந்தேன். என் முகத்தில் எதைக் கண்டாரோ, என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அந்தச் செடி காய்ந்ததை நீங்கள் இன்னும் மனதில் வைத்திருக்கிறீர்கள், எனக்குத் தெரியும். நீங்கள் தண்ணீர் விட்டீர்கள்தானே. வேறென்ன செய்திருக்க முடியும்?"

கதிரைகளை நான் காருக்குத் தூக்கித் தருகிறேன் என்றேன். தூக்கிக் கொடுத்தேன்.