சவேட்டா கேட்ட கேள்வி

சவேட்டாவுக்கு ஊரில் ஆகாதவர்கள் நிறைய. முதல் ஆள் கிளிகோர். இரண்டாவது அவர் மனைவி லியொந்தினா. மூன்றாவது யார் என்பது அன்றன்றைக்கு முடிவாகும். பல நாள் அந்த ஆள் நானாகவும் இருந்திருக்கிறேன்.

எங்கள் சுரங்கத்தில் உப்பு வெட்டுவது நின்று வெகுகாலமாகிவிட்டது. வெட்டியெடுத்த இடங்கள் தேவாலய உயரத்துக்குக் கூடங்களாகக் காலியாகக் கிடந்தன. நிர்வாகம் ஒவ்வொன்றையும் ஒவ்வொரு பிழைப்புக்கு விட்டது. ஒரு கூடத்தில் மூச்சுத்திணறல்காரர்கள் உட்கார்ந்து உப்புக் காற்றை இழுப்பார்கள். இன்னொன்றில் பிள்ளைகளுக்கு ஊஞ்சலும் மேசைப்பந்தும். வேறொன்றில் உப்புப் பாறையிலேயே செதுக்கிய பீடம். ஞாயிறு வழிபாடும் எப்போதாவது ஒரு கல்யாணமும் நடக்கும். மூச்சுத்திணறல்காரர்கள் கூடத்தை ஒட்டிய கடைக்கோடிக் கூடத்தில் ஆட்டுப்பால் பாலாடைக்கட்டிகள் பலகை பலகையாக அடுக்கியிருக்கும். மேசைப்பந்து மட்டை வாடகைக்குக் கொடுப்பது என் வேலை. பாலாடைக்கட்டிகளைப் புரட்டிப் புரட்டித் துடைத்து வைப்பது சவேட்டாவின் வேலை.

அவள் கணவன் யோசிஃப் அந்தச் சுரங்கத்திலேயே உப்பு வெட்டினவன். பழைய கம்யூனிஸ்ட் ஆட்சியின் கடைசிக் காலம் அது. உப்புச் சுரங்கத்துக்குத் தண்ணீர்தான் எமன். ஒருநாள் காலை, சுவர் வேர்க்கிறது, உள்ளே போக முடியாது என்று யோசிஃப் சொன்னதாக ஊருக்குள் ஒரு பேச்சு உண்டு. மத்தியானம் மேற்கூரை இடிந்து அவன் மேல் விழுந்தது. விசாரணைக்கு வந்தவர்களிடம் மேஸ்திரி ஒரே வார்த்தைதான் சொன்னார்: "குடிச்சிட்டு இறங்கியிருந்தான்." அந்த மேஸ்திரிதான் கிளிகோர்.

அன்றிலிருந்து சவேட்டா குடிகாரன் பெண்டாட்டி. யோசிஃப் பிளம் சாராயத்தைப் பண்டிகைக்குக்கூடத் தொட மாட்டான் என்று அவள் வீடு வீடாகப் போய்ச் சொன்னாள். கேட்டவர்கள் தலையை ஆட்டினார்கள். அவள் தெருமுனை தாண்டியதும் சிரித்தார்கள். அவள் நாக்குக்கு முள் முளைத்தது அப்போதுதான்.

வருடங்கள் போயின. கிளிகோருக்கு நெஞ்சு கெட்டது. தினமும் சில மணி நேரம் கீழே போய் உட்காருங்கள் என்றார் டாக்டர். மூச்சுக் கூடத்துக்கு நர்ஸ் லியொந்தினாதான். புருஷனைக் கையைப் பிடித்துக் கூட்டிவந்து கோடி பெஞ்சில் உட்கார வைத்தாள். அந்த பெஞ்சுக்கு எதிரே சவேட்டாவின் கதவு.

சவேட்டா அன்றே கதவைத் திறந்து ஒரு கல்லை முட்டுக் கொடுத்தாள். ஆட்டுப்பால் வாடை குப்பென்று வந்தது.

"சவேட்டா, கதவைச் சாத்து. நோயாளிங்க இருக்காங்க" என்றாள் லியொந்தினா.

"நோயாளிங்களா, கொலையாளிங்களா?"

"வாய் அழுகிப் போயிடும்டி உனக்கு."

"அழுகாது. உப்புல கிடக்கிற வாய்."

கிளிகோரும் சும்மா இருப்பவர் இல்லை. பக்கத்தில் இருப்பவர்களிடம் உரக்கச் சொல்வார்: "யோசிஃப் பொண்டாட்டி சீஸையும் சாராயத்துல ஊறப் போடுறா போலிருக்கு. வாடையைப் பாருங்க!" புதிதாக வந்தவர்கள் சிரிப்பார்கள். பழைய உப்பு வெட்டுக்காரர்கள் சிலரும் நெஞ்சடைப்போடு அங்கேதான் உட்கார்ந்திருப்பார்கள். அவர்கள் சிரிக்கவும் மாட்டார்கள், தடுக்கவும் மாட்டார்கள். சவேட்டா உள்ளே கட்டிகளைப் பலகையில் அறைந்து அறைந்து வைக்கும் சத்தம் மட்டும் கேட்கும்.

குளிர் விடுகிற சமயம் ஒரு மத்தியானம் மேலே பெரும் புயல். கீழே விளக்குகள் ஒரேயடியாக அணைந்தன. லிஃப்ட் நின்றது. உள்ளே காற்றைத் தள்ளும் விசிறிகளின் இரைச்சல் ஓய்ந்ததும் பிள்ளைகள் அலறத் தொடங்கினார்கள். லியொந்தினா டார்ச்சை எடுத்துக்கொண்டு பிள்ளைகளைப் படிக்கட்டுப் பக்கம் ஓட்டிப் போனாள். மற்றவர்களும் அவள் வெளிச்சத்தைப் பிடித்துக்கொண்டு நகர்ந்தார்கள். நான் என் போன் வெளிச்சத்தில் யாராவது விட்டுப்போயிருக்கிறார்களா என்று பார்த்து வந்தேன்.

கோடி பெஞ்சில் கிளிகோர் இருந்தார். இருட்டு அவரைப் பயமுறுத்தியிருக்க வேண்டும். மூச்சு விசில் மாதிரி வந்தது. கை தரையைத் துழாவியது. இன்ஹேலர் எங்கோ உருண்டுவிட்டது. அதற்குள் சவேட்டா தன் லாந்தரோடு வெளியே வந்தாள். குனிந்து பெஞ்சுக்கு அடியிலிருந்து அதை எடுத்தாள்.

கொடுத்துவிடுவாள் என்றுதான் நினைத்தேன். அவள் அதைக் கைக்குள் மூடிக்கொண்டாள்.

"என் புருஷன் அன்னைக்குக் குடிச்சிருந்தானா?"

கிளிகோர் கையை நீட்டினார். அவள் ஒரு அடி பின்னால் போனாள்.

"அக்கா, குடுத்துடு! செத்துடுவாரு!" என்று அவள் கையைப் பிடித்தேன். உதறிய உதறலில் நான் சுவரில் போய் மோதினேன்.

"சாகட்டும். பதில் சொல்லிட்டுச் சாகட்டும். குடிச்சிருந்தானா?"

கிளிகோர் தலை இடமும் வலமும் அசைந்தது. இல்லை.

"சுவர் வேர்க்குதுன்னு உன்கிட்ட சொன்னானா?"

தலை கீழே போய் மேலே வந்தது.

"சொல்லியும் போடான்னு அனுப்பினியா?"

உதடெல்லாம் நீலம் பூத்திருந்தது. கண்ணை மூடிக்கொண்டு மறுபடி தலையை ஆட்டினார்.

சவேட்டா அவர் தாடையைப் பிடித்து, இன்ஹேலரை வாயில் வைத்துத் தானே அழுத்தினாள். "இழு. நல்லா இழு. இதை நாலு பேர் முன்னாடி சொல்ற வரைக்கும் நீ சாகக் கூடாது."

விளக்குகள் வந்தன. லியொந்தினா ஓடி வந்தாள், பின்னாலேயே மற்றவர்களும். சவேட்டா எல்லாரும் கேட்கக் கத்தினாள்: "குடிக்கலை! என் புருஷன் குடிக்கலை! இவனே ஒத்துக்கிட்டான்!"

கிளிகோருக்கு மூச்சு திரும்பியிருந்தது. மூச்சோடு வாயும் திரும்பியது. "பைத்தியக்காரி. மூச்சு முட்டுறவன் எதுக்குத்தான் தலையாட்ட மாட்டான்?"

எல்லார் பார்வையும் என் மேல் திரும்பியது. எனக்கு சவேட்டாவைப் பிடிக்காது. தோள் வேறு வலித்தது. ஆனாலும் பார்த்ததைச் சொன்னேன். "எல்லாத்துக்கும் ஒரே மாதிரி ஆட்டலை. குடிச்சிருந்தானான்னு கேட்டப்ப இல்லைன்னார். சுவர் வேர்க்குதுன்னு சொன்னானான்னு கேட்டப்ப ஆமான்னார். அனுப்பினியான்னு கேட்டதுக்கும் ஆமான்னார்."

லியொந்தினா சவேட்டாவுக்கு எதிரே வந்து நின்றாள். "மருந்தைக் கையில வெச்சுக்கிட்டா கேள்வி கேட்டே?"

"ஆமா."

"நீயெல்லாம் ஒரு பொம்பளையா?"

"உன் புருஷன் எதுவும் கேக்காமயே என் புருஷனைக் குடிகாரனாக்கினான். நான் கேட்டுட்டாவது குடுத்தேனே."

மறுநாளே சவேட்டாவுக்கு வேலை போயிற்று. மருந்தை மறைத்தது குற்றம் என்றார் மேனேஜர். அது குற்றம்தான், நானும் அவருக்கு எதிராகப் பேசவில்லை. "இன்னைக்கு அவருக்கு மறைச்சவ நாளைக்கு எங்க பிள்ளைங்களுக்கு மறைக்க மாட்டாளா?" என்று தாய்மார்கள் கேட்டார்கள். அவர்கள் அவளை மன்னிக்கவேயில்லை.

கிளிகோர் வழக்கம்போல இறங்கி வந்து பெஞ்சில் உட்கார்ந்தார். ஏற்கெனவே உட்கார்ந்திருந்த பழைய வெட்டுக்காரர்கள் எழுந்து கூடத்தின் மறுகோடிக்குப் போனார்கள். ஏன் என்று லியொந்தினா கேட்டதற்கு, அவர்களில் ஒருவர், "இங்க காத்து சரியில்ல" என்றார். சில நாள் தனியாக உட்கார்ந்து பார்த்தார் கிளிகோர். பிறகு வருவதை நிறுத்திக்கொண்டார்.

அந்த வசந்தத்தில் சவேட்டா யோசிஃபுக்கு நினைவு வழிபாடு வைத்தாள். குடிகாரன் என்ற பேச்சுக்குப் பயந்து இத்தனை வருடம் வைக்காமல் இருந்தது அது. சுரங்கப் பீடத்தின் முன்னால், இறந்தவர்களுக்குப் படைக்கிற வழக்கப்படி அவித்த கோதுமையில் சர்க்கரையும் அக்ரூட்டும் கலந்து தட்டில் கோபுரமாக வைத்திருந்தாள். பாதிரியார் யோசிஃபின் பெயரை வாசித்தார். வெட்டுக்காரர்கள் வந்து ஆளுக்கொரு கரண்டி வாங்கிச் சாப்பிட்டார்கள். என் கையில் கிண்ணத்தைக் கொடுத்தபோது, "தள்ளிவிட்டது வலிச்சுதா?" என்று கேட்டாள். வலித்தது என்றேன். "வலிக்கட்டும்" என்று சொல்லிவிட்டு அடுத்தவரிடம் போய்விட்டாள்.

ஒருநாள் போர்வைகளை மடித்துக்கொண்டிருந்த லியொந்தினா என்னைக் கூப்பிட்டாள். சுற்றிலும் யாரும் இல்லை.

"நிஜமாவே முதல் கேள்விக்கு இல்லைன்னுதான் ஆட்டினாரா?"

"ஆமா அக்கா."

லியொந்தினா, மடித்த போர்வையை உதறி மறுபடி மடித்தாள். சவேட்டாவோடு அதன்பிறகும் அவள் பேசியதில்லை.

சவேட்டா சுரங்க வாசலில் கடை போட்டாள். மேலே வெயிலில் அவள் கட்டிகள் அத்தனை நன்றாக இல்லை. ஆனாலும் ஆட்கள் வாங்கினார்கள். இரண்டு குளிர்காலம் கழித்து கிளிகோர் இறந்தார். சவ வண்டி அந்த வழியாகத்தான் கல்லறைக்குப் போனது. வண்டிக்குப் பின்னால் நடந்தவர்களில் நானும் இருந்தேன். வழியில் நின்றவர்கள் எல்லாரும் தொப்பியைக் கழற்றினார்கள். சவேட்டா வண்டிக்கு முதுகைக் காட்டித் திரும்பிக்கொண்டு கத்தியை எடுத்தாள்.

"அரைக் கிலோவா, ஒரு கிலோவா? சீக்கிரம் சொல்லுங்க" என்று கடைக்கு வந்தவரை அதட்டினாள்.