அண்ணி மறுத்த மாத்திரை

அண்ணியைப் பற்றி எழுதுமுன் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். நான் நேரில் கண்டவையும், அம்மாவோ அண்ணியோ அண்ணியின் மருத்துவரோ என் முன்னால் சொன்னவையும் மட்டுமே இதில் இடம்பெறும். எங்கள் உறவினரிடையே இதே கதை வேறு வடிவங்களிலும் வழங்குகிறது. அவை கேட்கச் சுவையானவை. அவற்றுக்குச் சான்று இல்லை. பிற நினைவுகளில் ஒரு விவரம் பிசகினால் கதை சற்றுக் கோணும், அவ்வளவுதான். உடம்பைப் பற்றிய நினைவில் பிசகினால், படிக்கிற யாரோ ஒரு பெண் அதை நம்பித் தன் உடம்பில் சோதித்துப் பார்க்கக்கூடும். ஆதலால் இந்தக் கட்டுப்பாட்டை நானே விதித்துக்கொண்டேன்.

முதலில் நினைவுக்கு வருவது மருந்துக் கடையின் சிறிய காகித உறை. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் பெங்களூரின் ஆஸ்டின் டவுனில் குடியிருந்தோம். அம்மா, அண்ணன், அண்ணி, கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த நான் என நால்வர். அப்பா முன்பே காலமாகிவிட்டார். வீட்டிலோ உறவிலோ விசேஷம் என்றால் அண்ணியும் நானும் கடைக்குப் போவோம். வெற்றிலை, பாக்கு, மஞ்சள், கற்பூரம் எல்லாம் பையில் சேர்ந்தபின், கடைசியாக மருந்துக் கடை. கடைக்காரர் கன்னடக்காரர், தமிழும் பேசுவார். "ஃபங்ஷன் மாத்ரே தானே அக்கா? இந்தத் தடவை யாரு வீட்டுல?" என்று கேட்டுக்கொண்டே எடுத்துத் தருவார். மருத்துவர் சீட்டை அவர் கேட்டு நான் பார்த்ததில்லை. மாதவிலக்கைத் தள்ளிப்போடும் மாத்திரை அது. அண்ணி அந்த உறையைப் பையில் போடாமல் இடுப்பில் செருகிக்கொள்வார்.

அந்தப் பழக்கம் எங்கள் வீட்டுக்கு எப்படி வந்தது என்பதை அம்மாவே சொல்லியிருக்கிறார். ஆரணிப் பக்கத்தில் அவர் வாழ்க்கைப்பட்ட வீட்டில், மாதவிலக்கான பெண்கள் ஒதுங்கியிருக்கப் பின்கட்டில் ஓர் அறை இருந்தது. பெங்களூரில் எங்களுக்கு வாய்த்தவை ஒன்றன்பின் ஒன்றாக அமைந்த இரண்டு அறைகளும் ஒரு சமையலறையும். ஒதுங்குவதற்கு இடம் இல்லை. ஒதுங்கினால் சமைக்க ஆளும் இல்லை. ஆகவே அம்மா ஓர் உடன்பாட்டுக்கு வந்தார்: நாள்தோறும் சமைக்கலாம், விசேஷ நாளில் மட்டும் விலக்கு வரக்கூடாது. அம்மா கைம்பெண். குத்துவிளக்கு ஏற்றுவது, ஆரத்தி எடுப்பது, வளையல் அடுக்குவது எதற்கும் அவர் முன்னால் வரமாட்டார். வீட்டின் ஒரே மருமகள் அண்ணி. அவர் விலக்காகிவிட்டால் அந்த இடத்தில் நிற்க மணமான வேறு பெண் இல்லை; நான் அப்போது மணமாகாதவள். அண்ணியைத் துன்புறுத்த வேண்டும் என்று அம்மா ஒருநாளும் நினைத்ததில்லை. விளக்கு எரிய வேண்டும், ஊர் பேசக்கூடாது. அவருடைய எண்ணம் அவ்வளவுதான்.

மாத்திரை உட்கொள்ளும் நாள்களில் அண்ணியின் கால் வீங்கும், மார்பு கனக்கும். தலைவலி வந்தால் புருவத்துக்கு மேல் சுக்கைக் குழைத்துப் பூசிக்கொண்டு வேலை செய்வார். விசேஷம் முடிந்து மாத்திரையை நிறுத்தியபின் வரும் குருதிப்போக்கு மிகுதியாக இருக்கும். துணி துவைக்கும் கல்லருகே நின்றபடியே சுவரைப் பிடித்துக்கொள்வதைப் பார்த்திருக்கிறேன். "சூடு" என்பார் அம்மா. ஊறவைத்த வெந்தயமும் மோரும் தருவார். முகம் வெளுத்தது, முடி கொட்டியது, படியேறினால் மூச்சு வாங்கியது எல்லாம் அந்தச் சூட்டின் கணக்கிலேயே சேர்ந்தன. குழந்தை இல்லாததும் நாளடைவில் அதே கணக்கில் சேர்ந்தது. திருமணமாகிச் சில ஆண்டுகள் கடந்திருந்தன. அண்ணிக்கு முப்பது வயது தாண்டியிருந்தது.

ரிச்சர்ட்ஸ் டவுனில் ஒரு பெண் மருத்துவரிடம் அவரை அழைத்துப் போனேன். கண்டோன்மென்டில் பல தலைமுறைகளாக வாழ்ந்த தமிழ்க் கிறித்தவக் குடும்பத்தவர் அவர். மேசைக்கு அப்பால் இருந்து, எல்லா மருத்துவர்களும் கேட்பதுபோல, "கடைசியா எப்ப தலைக்குக் குளிச்சீங்க?" என்று கேட்டார்.

அண்ணி சற்று யோசித்தார். "எதைச் சொல்றதுங்க டாக்டரம்மா? தானா வந்ததா, நாங்க வர விட்டதா?"

மருத்துவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, மாத்திரையைப் பற்றி ஒவ்வொன்றாகக் கேட்டார். பிறகு அவர் விளக்கியதை என் மொழியில் தருகிறேன். மாதவிலக்கு என்று நாம் சொல்வது குருதி போகும் சில நாள்களை மட்டும்; உடம்புக்கோ அது ஒரு சுற்றின் தொடக்கம். குருதிப்போக்கு நின்றபின் கருப்பையின் உட்படலம் மீண்டும் வளர்கிறது. அதே வேளையில் சூலகத்தில் ஒரு முட்டை முதிர்கிறது. சுற்றின் நடுப்பகுதியில் அது வெளிப்படுகிறது. அதன்பின் வருவது காத்திருக்கும் பருவம். கருவுற்றால் தங்குவதற்காகப் படலம் ஹார்மோன் எனும் ஓர் இயக்குநீரின் துணையால் நிலைத்திருக்கும். கரு இல்லையெனில் அந்த இயக்குநீர் குறையும், படலம் உதிரும். மார்பு கனப்பதும் மனம் சுருங்குவதும் பலருக்கு இந்தக் காத்திருப்பின் கடைசி நாள்களில்தான். மாத்திரை அந்த இயக்குநீரைப் போன்றது. உட்கொள்ளும்வரை படலத்தை உதிரவிடாமல் நிறுத்திவைக்கிறது.

"அது விஷம் இல்ல. எப்பவாவது, டாக்டரைக் கேட்டுட்டுப் போட்டா பரவாயில்ல. ஆனா நீங்க போடுற விதத்துல, உங்க உடம்பு என்ன சொல்லுது, மாத்திரை என்ன சொல்லுதுன்னு எனக்குப் பிரிக்கத் தெரியலம்மா. மூணு மாசம் எதையும் தொடாதீங்க. உடம்பு தானா எப்படி நடக்குதுன்னு பார்க்கணும். நடுவுல ஒண்ணு போட்டீங்கன்னா மறுபடியும் முதல்லேருந்து."

அண்ணி அதை நேர்ந்துகொண்டதுபோல எடுத்துக்கொண்டார். இரண்டு மாதங்கள் கழிந்தன. மூன்றாவது மாதத்தில் புதுமனை புகுவிழா வந்தது. ஆனேக்கல் போகும் வழியில் அண்ணன் ஒரு சிறிய வீடு கட்டியிருந்தார். குருக்கள் நாள் குறித்துக் கொடுத்தார். அம்மா விரல்விட்டு எண்ணிப் பார்த்தார்.

"ஏம்மா, பால் காய்ச்சற நாளு உனக்கு எப்படி வருது?"

"அதை ஒட்டித்தான் வரும்போல இருக்கு அத்தை."

"அப்ப வாங்கி வச்சுக்க."

"இந்தத் தடவை வேணாம் அத்தை. டாக்டரம்மா சொன்னாங்கல்ல."

"நான் அடுப்புல பால் வைக்க முடியுமா? பக்கத்து வீட்டுக்காரியக் கூப்பிட்டா வைக்கச் சொல்றது? இந்த வீட்டக் கட்டுனதே யாருக்காக? நாளைக்கு உனக்கொரு புள்ள பொறந்து ஓடட்டும்னுதான."

"அந்தப் புள்ளைக்காகத்தான் அத்தை நானும் வேணாங்கறேன்."

அண்ணன் செய்தித்தாளை இறக்காமலே, "ஒரு தடவைதானே" என்றார்.

அண்ணி அவர் பக்கம் திரும்பினார். "எல்லாமே ஒரு தடவைதாங்க. உங்க சித்தப்பா பொண்ணு கல்யாணம் ஒரு தடவைதான், அவ வளைகாப்பு ஒரு தடவைதான், அவ புள்ளைக்குக் காது குத்துனதும் ஒரு தடவைதான். எனக்குத்தான் எல்லாத் தடவையும்."

"வாய் மட்டும் நல்லா வளந்திருக்கு" என்றார் அம்மா.

"அதைத் தள்ளிப்போட மாத்திரை விக்கலையே அத்தை."

அண்ணன் சிரித்துவிட்டார், அம்மா சிரிக்கவில்லை. அடுத்த சில நாள்கள் இருவரும் சமையலறையில் பாத்திரங்களின் ஒலியாலேயே பேசிக்கொண்டனர். அண்ணி மருந்துக் கடைப் பக்கம் போகவில்லை. விழா நெருங்கியது. ஒரு காலையில் தோசை வார்த்துக்கொண்டே, "மார்பு கனக்குது, இடுப்பு இழுக்குது. சரியா அன்னிக்குத்தான் அத்தை" என்றார். குரலில் வருத்தமும் இல்லை, வீம்பும் இல்லை. மாத்திரை இல்லாத மாதங்களில் தன் உடம்பின் குறிகளை அவர் அறியத் தொடங்கியிருந்தார் என்று இப்போது எனக்குத் தோன்றுகிறது.

அம்மா அன்று மாலை என்னைத் துணைக்கு அழைத்துக்கொண்டு குருக்கள் வீட்டுக்குப் போனார். எதற்கு என்று வழியில் சொல்லவில்லை. குருக்கள் உட்காரச் சொன்னார். அம்மா நின்றுகொண்டே இருந்தார்.

"மருமகளுக்கு அன்னிக்கு உடம்பு சரியிருக்காது சாமி."

"ஜுரமா?"

"ஜுரம் இல்ல."

அம்மா தரையைப் பார்த்தபடி, "விலக்கு" என்றார். ஓர் ஆடவர் முன்னால் அந்தச் சொல்லை அவர் சொல்லி அன்றுதான் கேட்டேன்.

குருக்கள் பஞ்சாங்கத்தைப் புரட்டினார். "அடுத்த வாரத்துலயே நல்ல முகூர்த்தம் இருக்கே. அதுல வச்சுக்கலாம். இதுக்கா இத்தனை தயக்கம்? போன மாசம்கூட ஒருத்தர் வந்து மாத்திண்டு போனார்."

"மாத்தலாமா சாமி?"

"நாள் பார்க்கறதே நமக்காகத்தானேம்மா."

திரும்பி வரும்போது அம்மா, "மாத்தலாம்னு யாருமே சொல்லலையே" என்றார்.

"நீ யாரையும் கேக்கலையேம்மா."

"எப்படிடீ கேக்கறது? நாள் குறிக்கற எடத்துல எல்லாம் ஆம்பிளைங்களா இருப்பாங்க."

ஒன்றைத் துல்லியமாகச் சொல்ல வேண்டும். உறவினர் வீட்டுத் திருமணத்தை எங்கள் அண்ணிக்காக யாரும் தள்ளிவைத்திருக்க மாட்டார்கள். ஆனால் எங்கள் வீட்டில் நடந்த பல விசேஷங்களின் நாள்கள் ஒரு கேள்வியில் மாறியிருக்கக்கூடியவை. அந்தக் கேள்வியைக் கேட்கக் கூசியதால், மாற்றத்தக்கது அண்ணியின் உடம்பு ஒன்றே என்று நாங்கள் அனைவரும் ஏற்றுக்கொண்டிருந்தோம்.

விழா அடுத்த வாரம் நடந்தது. அண்ணி தலைக்குக் குளித்து, ஈரக் கூந்தலின் நுனியை முடிந்துகொண்டு, புது அடுப்பில் பால் வைத்தார். பொங்கியதும் அம்மா வாசலருகே நின்றபடி அண்ணனைப் பார்த்து, "முதல் டம்ளர் அவளுக்குக் குடு" என்றார்.

மூன்று மாதம் முடிந்தபின் மருத்துவர் இரத்தச் சோதனைகள் செய்தார். மாத்திரை இல்லாதபோதும் போக்கு மிகையாகவே இருந்தது. சுற்றும் ஒழுங்காக இல்லை. ஆகவே குறை மாத்திரையில் மட்டும் இருக்க முடியாது என்றார். கழுத்தில் உள்ள தைராய்டு சுரப்பி போதிய அளவு சுரக்கவில்லை என்று சோதனை காட்டியது. சில மாதங்களில் முட்டை வெளிப்படுவதே தடைப்பட்டிருந்தது. சோர்வும், முடி உதிர்ந்ததும், பெரும்போக்கும் அந்தக் குறையோடு பொருந்திவந்தன. இரத்தச் சோகையும் இருந்தது. இவ்வளவு நாள் இவை அனைத்தும் மாத்திரையின் நிழலில் மறைந்து கிடந்தன. மருந்து தொடங்கியது. ஓராண்டுக்குள் அண்ணி புது வீட்டு மாடிப்படியை மூச்சு வாங்காமல் ஏறினார். சுற்று ஒழுங்குக்கு வந்தது. அந்த வீட்டில் அதன்பின் எந்த விசேஷத்துக்கும் அவரிடம் முதலில் நாள் கேட்டுவிட்டே குருக்களிடம் போனார்கள்.

குழந்தை பிறக்கவில்லை. அண்ணனும் சோதித்துக்கொண்டார்; அவரிடம் குறை எதுவும் இல்லை என்றார்கள். இரண்டாயிரத்துக்குப் பிறகு அண்ணி மருத்துவரிடம் அதைக் குறித்துப் போவதை நிறுத்திவிட்டார். அம்மா காலமாகிவிட்டார்.

தெரியாதவை எஞ்சியுள்ளன. அந்த மாத்திரைகள் குழந்தைப்பேற்றுக்கு ஏதேனும் கேடு செய்தனவா என்று நான் பின்னாளில் மருத்துவரிடம் கேட்டேன். மாத்திரையே கெடுத்தது என்று சொல்ல ஆதாரம் இல்லை என்றார். குறையை முன்பே கண்டிருந்தால் குழந்தை பிறந்திருக்குமா என்று கேட்டதற்கு, அதை யாராலும் சொல்ல முடியாது என்றார். அண்ணி அந்தக் கேள்வியை ஒருபோதும் கேட்கவில்லை. கேட்க விரும்பவில்லையா, விடையைத் தமக்குள் முடிவுசெய்துவிட்டாரா என்பது எனக்குத் தெரியாது. அம்மா தம் கடைசி ஆண்டில் ஒருமுறை என்னிடம் வழி கேட்டுக்கொண்டு, தனியாக ரிச்சர்ட்ஸ் டவுனுக்குப் போய் அந்த மருத்துவரைப் பார்த்து வந்தார். என்ன கேட்டார், என்ன விடை பெற்றார் என்று அவர் சொல்லவில்லை. மருத்துவரும் சொல்லவில்லை.