வியாழக்கிழமை மேடம்

பாலக்காட்டுக்குப் பக்கத்தில் எலப்புள்ளியில் நான் ஒரு புட்டுப்பொடி ஆலை வைத்திருக்கிறேன். இரண்டு தெரு தள்ளி என் மனைவியின் அண்ணனும் அதே தொழில்தான் செய்கிறார். போன வருடம் மச்சான் ஒரு பகுதிநேர நிதி அதிகாரியை அமர்த்தினார். பெரிய கம்பெனியில் நிதிப் பொறுப்பில் இருந்துவிட்டு விலகிய ஒரு அம்மா. கோயம்புத்தூரிலிருந்து வாரம் இரண்டு நாள் மச்சானின் ஆலைக்கு வருவார். கேள்விப்பட்ட அன்றே எனக்கு வயிறு எரிந்தது. மாவு அரைக்கிறவருக்கு எதற்கு இந்தப் பகட்டு என்று வீட்டில் கத்தினேன். அடுத்த மாதமே அதே அம்மாவை வியாழக்கிழமைகளுக்கு நானும் பேசி முடித்தேன்.

எந்தப் பாக்கெட்டில் எவ்வளவு மிஞ்சுகிறது, எந்தக் கடை எத்தனை நாளில் பணம் தருகிறது என்று முதல் நாளே விவரம் கேட்டார். தருகிறேன் என்றேன்; தரவில்லை. எனக்கு வேண்டியது வேறு. டீ வந்ததும் மெதுவாக ஆரம்பிப்பேன்.

"மச்சான் புது மெஷின் வாங்கறாருங்களா மேடம்?"

சிரித்து மழுப்பிவிடுவார். மூன்றாவது மாதம் மழுப்பவில்லை.

"அவங்க விஷயத்த இங்க சொன்னா, உங்க விஷயத்தயும் அங்க சொல்லுவேன்தானுங்க? மூணு மாசமா சம்பளம் குடுக்கறீங்க. உங்க கம்பெனியப் பத்தி இன்னும் ஒரு கேள்வி கேக்கலைங்க."

என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. அன்று மாலைக்குள் பில் கட்டுகளையெல்லாம் எடுத்துக் கொடுத்தேன்.

இரண்டே வாரத்தில் கண்டுபிடித்துவிட்டார். பாலக்காட்டில் ஒரு பெரிய சூப்பர் மார்க்கெட்டுக்கு நான் அனுப்பும் சரக்கெல்லாம் நஷ்டம். விற்காததைத் திருப்பி அனுப்புவார்கள். விற்றதற்கும் பணம் வர மூன்று மாதம் ஆகும். மச்சான் அங்கே நுழையப் பார்ப்பது தெரிந்து, விலையைக் குறைத்து முந்திக்கொண்டு நான் பிடித்த இடம் அது.

"அத விட்டுட்டு, வாரா வாரம் காசு தர்ற ஹோட்டலுங்களப் புடிங்க" என்றார்.

"விட்டா மச்சான் போயிருவாருங்க."

"போகட்டுங்க."

விட்டேன். அடுத்த மாதம் அந்த அலமாரி முழுக்க மச்சானின் பாக்கெட்டுகள். அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. ஆனால் ஹோட்டல் பணம் வரத் தொடங்கிய பிறகு, பல வருடத்தில் முதல்முறையாக, கைமாற்று வாங்காமல் ஆட்களுக்குச் சம்பளம் போட்டேன்.

அப்புறம் எனக்கு ஒரு நாள் போதவில்லை. கூடுதலாகத் தருகிறேன், வெள்ளிக்கிழமையும் வாருங்கள் என்று அவரைக் கேட்டேன்.

"வெள்ளி உங்க மச்சானுக்குங்க. வேற நாளும் காலியில்லைங்க."

அந்த மனுஷனுக்கு எதற்கு இரண்டு நாள் என்று மனைவியிடம் இன்றும் புலம்புகிறேன்.

"எங்கண்ணங்கிட்டயே போயி கேளுங்க" என்கிறாள் அவள்.