யாகொதா கழுவிய மாப்பிள்ளை

யாகொதா கையில் எது கிடைத்தாலும் கழுவிவிடுவாள். ஸாக்ரெப் நகரில் எங்கள் கார்ட்டூன் பட ஸ்டூடியோவில் அதற்குத்தான் அவளை வைத்திருந்தார்கள். கண்ணாடி மாதிரியான செல்லுலாய்டு தாளில் நாங்கள் படம் வரைவோம். கேமரா ஒரு தடவை பார்த்துவிட்டால் முடிந்தது கதை, அப்புறம் வெந்நீரும் சோப்பும்தான். தாளுக்கு அத்தனை தட்டுப்பாடு. காலையில் ராஜா இருந்த தாளில் மாலையில் பன்றி உட்கார்ந்திருக்கும். முப்பத்தொரு வருடம் ராஜாக்களைக் கழுவி ஊற்றினாள்.

நான் திஹோ, படம் வரைகிறவன். சிங்கத்தைச் சேவலாக மாற்றச் சொன்னால் பதினாறே தாளில் மாற்றிவிடுவேன். ஆனால் யாகொதாவின் முன்னால் வாயைத் திறந்தால் வெறும் காற்றுதான் வரும். அவள் வேறு எவனையாவது கட்டிக்கொண்டால் நான் தொலைந்தேன். அதனால் வரைந்தேன், நாற்பது தாள். நான் நடந்து வருகிறேன், பைக்குள் கை விடுகிறேன், மோதிரத்தை எடுக்கிறேன், மண்டியிட்டு நீட்டுகிறேன். ஸ்டூடியோ தாள்தான், ஆனால் எப்படியும் கழுவித்தானே வைக்கப்போகிறாள்? அடுக்கை அவள் தொட்டி அருகே வைத்துவிட்டு ஓடிவந்துவிட்டேன்.

ஒரு மணி நேரத்தில் வந்து நின்றாள். கையுறையிலிருந்து நுரை சொட்டியது.

"ஏன்யா, என்ன திமிரு உனக்கு?"

"எ... என்ன?"

"மண்டி போட்டு மோதிரத்த நீட்டுவ. அப்புறம் எந்திரிச்சு, அதப் பைக்குள்ள போட்டுக்கிட்டு, பின்பக்கமாவே நடந்து போயிருவ. இத நாப்பது தாள்ல வேற வரைஞ்சு காட்டணுமா?"

தலையில் அடித்துக்கொண்டேன். கடைசியாக வரைந்த தாள்தானே அடுக்கின் மேலே இருக்கும்! அவள் மேலிருந்து எடுத்துக் கழுவியிருக்கிறாள்.

"ஐயோ, கடைசிலேருந்து பாத்துட்ட! அடியிலேருந்து பாரு!"

"எங்க பாக்குறது? எல்லாந்தான் கழுவியாச்சே."

மறுபடி நாற்பது. இந்தத் தடவை முதல் தாளை மேலே வைத்தேன். கதவோரம் நின்று பார்த்தேன். நான் வருவதைக் கழுவினாள். பையைக் கழுவினாள். மண்டியிட்ட என்னை மட்டும் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் நின்றாள். பிறகு என்னையும் கழுவினாள்.

"சரி," என்றாள், திரும்பாமலே.

கல்யாணமாகி நாற்பத்தாறு வருடம் ஆகிறது. இன்றும் சண்டை வந்தால், "என்னிக்கு நீ என்கிட்ட கேட்ட? எங்க, காட்டு பாப்போம்!" என்கிறாள். கழுவினவளே கேட்கிறாள்!

நான் எழுந்து சமையலறை ஜன்னலுக்குப் போவேன். கண்ணாடியில் ஆவி படிந்திருக்கும். விரலால், மண்டியிட்ட ஒருவனை வரைவேன். இப்போது தொப்பையும் சேர்த்து. அவள் நின்று பார்ப்பாள். பிறகு துணியை எடுத்துத் துடைத்துவிட்டு, "சரி, சாப்பிட வா," என்பாள்.