வக்கீலம்மா போர்டும் என் மனுவும்

மலையடிவாரத்தில் தண்ணீர் கிடைக்காது என்றார்கள். போர்வெல் வண்டி வாங்கினேன், கிடைத்தது. பள்ளத்தில் கட்டடம் நிற்காது என்றார்கள். கோர்ட்டுக்கு எதிரே மாடியோடு காம்ப்ளெக்ஸ் கட்டினேன், நிற்கிறது. நாலாவது தாண்டாதவனுக்கு எழுத்து வராது என்றார்கள்... வாரா வாரம் நீங்கள் படித்துக்கொண்டுதானே இருக்கிறீர்கள்?

ஆனால் ஒரு நீதிபதி உருவானதில் எனக்கும் பங்கு உண்டு என்றால் மட்டும் எல்லோருக்கும் சிரிப்பு வருகிறது.

போன வாரம் பெரம்பலூரில் பாராட்டு விழா. எங்கள் ஊர் கோர்ட்டில் முதன்முதலில் கறுப்பு கோட் போட்ட பெண் ஆரோக்கியமேரி, மாவட்ட நீதிபதி ஆகியிருக்கிறார். எனக்கு நாலாவது வரிசையில் நாற்காலி. நாலாவதுக்கும் எனக்கும் அப்படி ஒரு ராசி!

ஏலாக்குறிச்சிப் பக்கத்து வாத்தியார் மகள். இருபது வருடத்துக்கு முன்னால், ஆபீஸ் போட ரூம் கேட்டுக் கோர்ட் ரோடு முழுக்க அலைந்தவர். பெண் வக்கீலுக்கு ரூமா என்று எல்லோரும் கையை விரித்தார்கள். நான் மாடி ரூமைக் கொடுத்தேன். (வெயிலுக்குப் பயந்து வேறு யாரும் எடுக்காத ரூம் அது. அந்த விவரம் இங்கே எதற்கு?)

மாடி ஏறி வருகிறவர்கள் எட்டிப் பார்த்து, "ஐயா இல்லீங்களா?" என்பார்கள். நான்தான் வக்கீல் என்று மேரி சொன்னால், "சரிம்மா, ஐயா வந்தப்பறம் வரோம்" என்று இறங்கிவிடுவார்கள். ஆறு மாதம் இதே கதை.

ஒருநாள் மேரி கோட்டை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு நின்றார்.

"மாசக் கடைசியில காலி பண்ணிக்கிறேண்ணே. அப்பா ஊருக்கே வந்துடச் சொல்றாரு."

எனக்கு ஆறுதல் சொல்லத் தெரியாது. தண்ணீர் வரவில்லையா, இடத்தை மாற்றிப் போடு — என் படிப்பு அவ்வளவுதான். மேலே பார்த்தேன். போர்டில் பொடி எழுத்தில் 'வழக்கறிஞர்' என்று இருந்தது. யார் படிப்பார்கள் அதை? மேரியைக் கேட்காமலே பெயின்டரைக் கூப்பிட்டு, ரோட்டிலிருந்தே தெரிகிற மாதிரி சிவப்பில் எழுதச் சொன்னேன் — 'வக்கீலம்மா'.

மறுநாள் மேரிக்கு அழுகையே வந்துவிட்டது.

"அண்ணே, நம்ம பக்கம் வக்கீலம்மான்னா வக்கீலு பொண்டாட்டி. எனக்கு இன்னும் கல்யாணமே ஆவலை."

எனக்குத் தெரியாததா? அவசரத்தில் தோன்றவில்லை.

அழிக்கப் பெயின்டர் வருவதற்குள் வேப்பந்தட்டையிலிருந்து செல்லம்மாள் என்று ஒரு பெண் மாடி ஏறி வந்தது. புருஷன் செத்துப்போய், காட்டைக் கொழுந்தன்மார் பிடுங்கிக்கொண்டார்கள். அதற்கு மேலும் நடந்திருக்கிறது, ஆம்பளை வக்கீலிடம் வாய்விட்டுச் சொல்ல முடியாத சங்கதிகள். போர்டைப் பார்த்ததும், வக்கீல் சம்சாரத்திடம் சொன்னால் போதும் என்று வந்துவிட்டது. அழுது அழுது எல்லாவற்றையும் கொட்டியது. கடைசியில்,

"ஐயாகிட்ட நீங்களே பக்குவமா எடுத்துச் சொல்லிடுங்கம்மா" என்றது.

நான் வாசலில் நிற்கிறேன். மேரி திருத்தவில்லை. எழுதிக்கொண்டே, "சொல்லிடறேம்மா" என்றார்.

கேஸ் கூப்பிட்ட அன்று நானும் கோர்ட்டுக்குப் போனேன். கறுப்பு கோட்டில் மேரியைப் பார்த்துச் செல்லம்மாள் மிரண்டு போனது.

"என்னம்மா, ஐயா வரலையா?"

மேரி அதன் கையைப் பிடித்துக்கொண்டார். "ஐயாகிட்ட அப்பவே சொல்லிட்டேம்மா. அவரு என்னையே பேசச் சொல்லிட்டாரு."

பேசினார். காடு திரும்பக் கிடைக்க வருடங்கள் ஆயின. ஆனால் அந்த மாதக் கடைசியில் ரூம் காலியாகவில்லை. அடுத்தடுத்துப் பெண்கள் வந்தார்கள், எல்லோரும் வக்கீலம்மாவைக் கேட்டுத்தான். போர்டையும் யாரும் அழிக்கவில்லை.

எங்கேயும் முதலில் நுழைகிறவளுக்கு ஊரிடம் வார்த்தை இருக்காது. இருக்கிற வார்த்தையில் அவள் துணிந்து உட்கார்ந்துவிட்டால் அர்த்தம் தானாக மாறிக்கொள்ளும். இன்று அந்த ரோட்டில் எத்தனை வக்கீலம்மாக்கள்! யாருடைய பொண்டாட்டி என்று எவனாவது கேட்கிறானா?

விழா மேடையில் நீதிபதி இந்தக் கதையை முழுசாகச் சொன்னார். செல்லம்மாள் பேச்சு வந்த இடத்தில் கண்ணைத் துடைத்துக்கொண்டார். எனக்கும் கண்ணாடியைத் துடைக்க வேண்டியிருந்தது. அடுத்து என் பேர்தான் என்று துண்டைச் சரிசெய்துகொண்டேன்.

"அந்த போர்டை எழுதி வெச்சது எங்க வீட்டுக்காரர்" என்றார்.

மண்டபமே திரும்பி, முன்வரிசையில் இருந்த அவருடைய கணவரைப் பார்த்துக் கைதட்டியது. அந்த மனிதரும் எழுந்து கும்பிடு போட்டுவிட்டார்!

சாப்பாட்டுப் பந்தியில் பிடித்துக் கேட்டேன். "ஏம்மா, ரூம் விட்ட வீட்டுக்காரன்னு ஒரு வார்த்தை சேர்த்திருக்கக் கூடாதா?"

சிரிப்பை அடக்க முடியாமல், "தீர்ப்புல பேர் விட்டுப்போச்சுன்னா மனு போடணும்ணே" என்றார்.

கனம் நீதிபதி அம்மா அவர்களே, போட்டுவிட்டேன். மேற்படி போர்டை எழுதச் சொன்ன வீட்டுக்காரன் நான்தான் — உங்கள் வாயாலேயே, மைக் வைத்து, திருத்திச் சொல்ல வேண்டுகிறேன்.